கரட்டில் குடித்தனம், ஊரில் சாமி

ஒவ்வொரு நாள் காலையிலும் வேலைக்கு இறங்குவதற்கு முன் தீர்த்தம்மாள் மகளைத் தூக்கத்திலேயே தொட்டுப் பார்ப்பாள். முதலில் கழுத்து. பிறகு இரண்டு அக்குள். கடைசியாகத் தொடை இடுக்கு. விரல் நுனியால் அழுத்தித் தடவுவாள். ஒன்றும் தட்டுப்படாவிட்டால் கூழ்ச்சட்டியை மூடி வைத்துவிட்டுக் கிளம்புவாள். ஆறு வயதுப் பழனியம்மாள் அம்மா கிச்சுக்கிச்சு மூட்டுவதாக நினைத்துத் தூக்கத்தில் சிரிக்கும். தீர்த்தம்மாள் சிரித்ததில்லை.

அவர்கள் இருந்த இடத்துக்குப் பச்சியப்பன் கொட்டாய் என்று பெயர். தர்மபுரிக்குக் கிழக்கே, பாறையும் முள்ளும் மண்டிய ஒரு கரட்டின் சரிவில் இருந்தது. முப்பத்தைந்தாம் வருஷம் ஊரில் எலி செத்து விழுந்து பிளேக் பரவியபோது, கடைத்தெருவுக்குப் பின்னால் சந்துகளில் குடியிருந்தவர்கள் வீட்டைப் பூட்டிக்கொண்டு இங்கே வந்து ஓலைக் கொட்டாய் போட்டார்கள். முதலில் போட்டவர் பச்சியப்பன். நிலமும் அவருடையது. நோய் அடங்கியதும் பாதிப் பேர் இறங்கிப் போனார்கள். மீதிப் பேர் போகவில்லை. ஓலை போய் மண்சுவர் வந்தது.

இடம் நல்ல இடம். சரிவு அதிகம், மழைத்தண்ணீர் ஒரு நாழிகை தங்காது. வீட்டுக்கு வீடு ஓர் ஆள் உயரம் வித்தியாசம். கீழ்வீட்டுக் கூரையில் மேல்வீட்டுக்காரி மிளகாய் காயப்போடலாம். கோடையிலும் வற்றாத ஓர் ஊற்று இருந்தது. கொட்டாயில் யாரும் தானியம் சேர்த்து வைப்பதில்லை, அதனால் எலி கிடையாது. எலி இல்லை என்பதற்காகவே அங்கே தங்கியவர்கள் அவர்கள்.

பிழைப்பு மட்டும் ஊரில். விடிந்ததும் கொட்டாயே இறங்கும். புளி மண்டிக்கு, எண்ணெய்ச் செக்குக்கு, தையல் கடைக்கு, தாலுகா கச்சேரிக்கு. சின்ன ரயில் ஓடிய காலத்தில் கரட்டடியில் அது மெதுவாகத் திரும்பும், இளவட்டங்கள் தொற்றிக்கொள்வார்கள். யுத்தத்துக்கென்று தண்டவாளத்தைப் பிடுங்கிக்கொண்டு போனபின் எல்லோரும் அந்த மண்தடத்திலேயே நடந்தார்கள். பொழுது சாய்வதற்குள் திரும்பிவிட வேண்டும். ஆட்டுக்காக அலையும் சிறுத்தை ஒன்று கரட்டில் இருந்தது. ஆண்கள் ஒன்றாகச் சேர்ந்து, பெண்களை நடுவில் விட்டு, உரக்கப் பேசிக்கொண்டே ஏறுவார்கள்.

குடித்தனம் கரட்டுக்கு வந்ததே தவிர, சாமி வரவில்லை. சாமியை வீடு மாற்றுவதென்றால் பங்காளிகளைக் கூட்ட வேண்டும், பொங்கல் வைக்க வேண்டும், உத்தரவு கேட்க வேண்டும். இந்த வருஷம், அடுத்த வருஷம் என்று தள்ளிப்போயிற்று. அதனால் பூட்டிய வீட்டுக்கு வெள்ளிக்கிழமைதோறும் ஒருவர் போய், கதவைத் திறந்து, விளக்கேற்றிவிட்டு வருவது வழக்கமாயிற்று. விளக்கு எரிகிற வீடு கைவிட்ட வீடு ஆகாது.

நஞ்சப்பன் வீட்டில் இந்த வேலை தீர்த்தம்மாளுடையது. நஞ்சப்பன் மண்டியில் தராசுக்காரர். அவருக்கு இதில் அக்கறை கிடையாது. "கட்டின பொண்டாட்டிய மலையில வச்சிட்டு, சாமிய ஊர்ல தனிக்குடித்தனம் வச்சிருக்கம்," என்று கேலி செய்வார். தீர்த்தம்மாள் சாவியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவாள். அவளுடைய மூத்த பிள்ளை செல்லன் அந்த வீட்டில்தான் காய்ச்சலில் விழுந்தான். மூன்று வயது. அக்குளில் நெறி கட்டியிருந்தது. ஊருக்கு வெளியே தகரக் கூரை போட்ட பிளேக் கொட்டகைக்கு வண்டியில் ஏற்றினார்கள். கூட ஒருவர்தான் இருக்கலாம் என்றார்கள்; நஞ்சப்பன் ஏறிக்கொண்டார். திரும்பி வந்தபோது தனியாக வந்தார். அங்கே என்ன நடந்தது என்று அவள் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை விளக்கை அவள் சாமிக்கு மட்டும் ஏற்றவில்லை.

நாற்பத்து மூன்றாம் வருஷம் மாசியில் மறுபடி எலி விழுந்தது. முதலில் மண்டிக்குப் பின்னால். பிறகு சந்துகளில். சுகாதார இன்ஸ்பெக்டர் ஊசியோடு மேலே வந்தார். பாதிப் பேர் பாறைக்குப் பின்னால் ஒளிந்தார்கள். தீர்த்தம்மாள் மகளையும் இழுத்துக்கொண்டு போய் முதல் ஆளாகக் கையை நீட்டினாள். நஞ்சப்பன் போட்டுக்கொள்ளவில்லை. கை வீங்கினால் படிக்கல் தூக்க முடியாது, புளி வரத்து முடியட்டும் என்றார்.

ஊற்றுக்குப் பக்கத்தில் கொட்டாய்க்காரர்களைப் பச்சியப்பன் கூட்டினார்.

"வேலைக்குப் போவாம முடியாது. ஒத்துக்கறன். ஆனா ஊர்ல கட்டின துணி மேல வரக்கூடாது. அடியில பாறையாண்ட மறைவா ஓலைத் தடுக்கு கட்டறம். அங்க மாத்திக்கங்க. ஊர்த்துணிய அங்கயே வேவ வச்சிடணும். கோணி, பை, ஒண்ணும் மேல ஏறக்கூடாது."

"மாமா, எனக்கு இருக்கறதே ஒத்த வேட்டி," என்றான் தையல்கார மாதேஸ். "அதையும் அவுத்துப் போட்டுட்டு எதக் கட்டறது?"

"ஊரு துணியெல்லாம் தைக்கிறவனுக்குத் துணிப் பஞ்சமா?" என்றாள் பச்சியப்பன் மனைவி ஜானகியம்மாள். "அப்பிடியே வா. உன்னைப் பாத்து சிறுத்தை பயந்துக்கும். எங்களுக்கும் நல்லது."

சிரிப்பு அடங்கியதும் தீர்த்தம்மாள் கேட்டாள். "வெள்ளிக்கிழமை வெளக்குங்க?"

எல்லோரும் பச்சியப்பனைப் பார்த்தார்கள்.

"அது சாமி காரியம்," என்றார் பச்சியப்பன். "அதுக்குத் தடை சொல்ல நான் யாரு. வூட்டுக்கு ஒருத்தர் போங்க. ஏத்திட்டு, துணிய மாத்திக்கினு வந்துடுங்க."

எல்லோருக்கும் அது சரியாகப் பட்டது. எலி மேல் ஒட்டிக்கொண்டு நோயைப் பரப்பும் தெள்ளுப்பூச்சியைப் பற்றி இன்ஸ்பெக்டர் சொல்லியிருந்தார். எலி செத்ததும் பூச்சி அதை விட்டு இறங்கும். அடுத்த சூடான உடம்புக்காகப் பசியோடு காத்திருக்கும். பூட்டிய வீட்டுக்குள் அடுத்த உடம்பு வருவது வெள்ளிக்கிழமைதான். அதுவும் வெறுங்காலோடு வரும். சாமி இருக்கிற இடத்தில் யாரும் செருப்போடு நுழைவதில்லை. துணியைக் கொதிக்க வைத்தவர்கள் காலை நினைக்கவில்லை.

இரண்டு வெள்ளிக்கிழமை தீர்த்தம்மாள் போய் வந்தாள். வீடு சுத்தமாக இருந்தது. மூன்றாம் வெள்ளிக்கிழமை காலையில் அவள் விரல் நின்றுவிட்டது.

இடது தொடை இடுக்கு. புளியங்கொட்டை அளவு. அழுத்தியதும் பழனியம்மாள் முனகிக்கொண்டு காலை மடக்கியது. நெற்றி கொதித்தது.

தீர்த்தம்மாள் கையை எடுத்துவிட்டுத் தன் கையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பிறகு மறுபடியும் தொட்டாள். அங்கேயே இருந்தது. தான்தான் கொண்டுவந்துவிட்டோம் என்று நினைத்தாள். போன வெள்ளிக்கிழமை வீட்டுக்குள் என்னென்ன தொட்டோம் என்று ஒவ்வொன்றாக யோசித்தாள். தாழ்ப்பாள். எண்ணெய்க் கிண்ணம். திரி. தரை.

நஞ்சப்பன் பல் துலக்கிவிட்டு உள்ளே வந்தார். அவள் முகத்தைப் பார்த்தார். குனிந்து மகளின் பாவாடையை ஒதுக்கித் தொட்டுப் பார்த்தார்.

"ஊசி போட்டிருக்குதே," என்றார்.

"போட்டவங்களுக்கும் வந்துதாம். சந்துல ரெண்டு பேரு."

"இன்ஸ்பெக்டருக்குச் சொல்லணும்."

"சொன்னா வண்டி வரும்."

நஞ்சப்பன் பாவாடையை இழுத்து மூடினார்.

"வண்டியில ஏத்த வுடமாட்டன்," என்றாள். "ஒரு தடவ ஏத்திட்டம். போதும்."

"இங்க வச்சிருக்க முடியாது, புள்ள. சுத்தி எத்தன கொழந்தைங்க."

"இங்க வேணாம். மேல ராயி மேட்டுக்குப் போறன். அறுப்பு முடிஞ்சி பரண் சும்மா கெடக்குது. யாரும் வரமாட்டாங்க. எனக்கு வந்தாலும் அங்கியே கெடந்துட்டுப் போறன். கேட்டா, நான் ஆயா வூட்டுக்கு இண்டூர் போயிருக்கறன்னு சொல்லுங்க."

"சிறுத்தை?"

"நெருப்புப் போட்டுக்கறன்."

நஞ்சப்பன் தலையாட்டினார். பொழுது சாய்ந்ததும் சோறு கொண்டுவந்து மேட்டுக்கு அடியில் உள்ள கல்லில் வைப்பதாகவும், குரல் கொடுத்துவிட்டு இறங்கிவிடுவதாகவும் சொன்னார். அவள் கம்பளியைச் சுருட்டினாள், மகளை இடுப்பில் தூக்கிக்கொண்டாள், வாசல் தாண்டப் போனவள் நின்றாள்.

"இன்னிக்கி வெள்ளிக்கிழமை."

"ஆமா."

"வெளக்கு."

இத்தனை வருஷத்தில் அவள் அவரிடம் அதைக் கேட்டதில்லை. புள்ளை இப்படிக் கிடக்கும்போது விளக்கு அணைந்துபோனால் என்ன ஆகும் என்று அவளால் சொல்ல முடியவில்லை. அதற்கு மேல் யோசிக்கவே பயமாக இருந்தது.

"நீ போ," என்றார் நஞ்சப்பன். கேலி செய்யவில்லை. "நான் ஏத்திட்டு வரன்."

ராகி விளையும் அந்த மேடு கொட்டாய்க்கு மேலே, கரட்டின் தோளில் இருந்தது. நாலு பக்கமும் முள்வேலி, நடுவில் நாலு கால் பரண். தீர்த்தம்மாள் மகளைப் பரணில் கிடத்தி, ஏணியை இழுத்துக்கொண்டாள். கீழே கொட்டாய் தெரிந்தது. அதற்குக் கீழே ரயில் இல்லாத ரயில் தடம். அதற்கப்பால் ஊரும், ஊருக்கு வெளியே தனியாக ஒரு தகரக் கூரையும். வெயிலில் அது பளபளத்தது. அதைப் பார்க்காத பக்கமாகத் திரும்பி உட்கார்ந்தாள்.

பொழுது சாய்ந்தபோது அடியிலிருந்து நஞ்சப்பன் குரல் வந்தது.

"புள்ள எப்படி?"

"அப்படியேதான் இருக்குது. வெளக்கு?"

"ஏத்திட்டன்."

குரலில் ஏதோ குறைந்திருந்தது போல அவளுக்குப் பட்டது. ஏறிவந்த மூச்சு என்று எண்ணிக்கொண்டாள்.

நெறி மறுநாள் நெல்லிக்காய் அளவாயிற்று. பழனியம்மாள் பினாத்தியது. தீர்த்தம்மாள் ஈரத்துணி போட்டாள், கஞ்சித் தண்ணீர் ஊற்றினாள், மற்ற நேரமெல்லாம் மகளின் மூச்சைக் கேட்டுக்கொண்டிருந்தாள். செல்லனுக்கு இரண்டாம் நாள் கண் சிவந்தது. மகளின் இமையை இழுத்துப் பார்த்தாள். சிவக்கவில்லை. அது அவளை ஆறுதல்படுத்தவில்லை. இன்னும் நேரம் வரவில்லை என்று மட்டும் தோன்றியது. வேலிக்கு அப்பால் ஒருமுறை சிறுத்தை இருமியது. அவள் கட்டை ஒன்றை நெருப்பில் தள்ளினாள். அதன் மேல் அவளுக்குப் பயமே வரவில்லை. பயத்துக்கு வேறு வேலை இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மகளை ஒன்றுக்கு இருக்க இறக்கிவிட்டாள். பழனியம்மாள் இடது காலை ஊன்றவே இல்லை. ஒற்றைக்காலில் தாயின் தோளைப் பிடித்துக்கொண்டு தொங்கியது.

"காலை ஊனு கண்ணு."

"வலிக்குது."

"இடுக்கு வலிக்குதா?"

"இல்ல. அடியில."

தீர்த்தம்மாள் மகளைத் தரையில் உட்காரவைத்து உள்ளங்காலைத் திருப்பினாள். குதிகாலுக்கு முன்னால் மண் அப்பிய ஒரு கறுப்புப் புள்ளி. சுற்றிலும் தோல் பளபளவென்று வீங்கி மஞ்சள் கோத்திருந்தது. தொட்டதும் பழனியம்மாள் அலறியது.

"எப்ப குத்துச்சி?"

பழனியம்மாள் காலை இழுத்துக்கொண்டது.

"அடிக்கமாட்டன். சொல்லு."

"எலந்தப்பழம் பொறுக்கக் கீழ்வேலிக்குப் போனன். நீ போவாதன்னு சொல்லியிருந்த. அதான் சொல்லல."

வேலியெல்லாம் கருவேல முள். காலில் முள் தங்கிச் சீழ் பிடித்தால் தொடை இடுக்கில் நெறி கட்டும், காய்ச்சலும் வரும் என்பது கொட்டாயில் எல்லோருக்கும் தெரியும். தீர்த்தம்மாளுக்கும் தெரியும். கழுத்தையும் அக்குளையும் தொடையையும் விடாமல் பார்த்தவள் காலைப் பார்க்கவில்லை.

வேலியோரம் நின்ற எருக்கஞ்செடியை ஒடித்துப் பாலை அந்த இடத்தில் விட்டுக் கட்டினாள். மறுநாள் காலையில் இரண்டு கட்டைவிரலால் அழுத்தியபோது சீழோடு முள் வெளியே வந்தது. நகத்தளவு நீளம். பழனியம்மாள் அழுது ஓய்ந்து தூங்கிப்போனது. மத்தியானத்துக்குள் உடம்பு வேர்த்துவிட்டது.

அப்போதும் அவள் இறங்கவில்லை. முள்ளும் இருக்கலாம், அதுவும் இருக்கலாம் என்று நினைத்தாள். நெறி கரைகிறதா என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். அன்று மாலை நஞ்சப்பன் வந்தபோது பரணிலிருந்து கத்தினாள்.

"முள்ளுங்க. கால்ல முள்ளு. எடுத்துட்டன்."

"நல்லா பாத்தியா?"

"பாத்துட்டன். காய்ச்சல் எறங்கிடுச்சி. இன்னும் ரெண்டு பொழுது இருந்துட்டு வரன்."

"இரு. அவசரப்படாத," என்றார். சோற்றுச் சட்டியை வழக்கமான கல்லுக்கு வெகு முன்னாலேயே வைத்துவிட்டுத் திரும்பினார். அவர் இறங்குவதை அவள் பார்த்தாள். குடிகாரனைப் போல் காலை அகட்டி வைத்து இறங்கினார். நஞ்சப்பன் குடிப்பதில்லை.

மறுநாள் மாலை அடியில் வந்து நின்றது பச்சியப்பன். தலையில் துண்டு, கையில் தடி.

"தீர்த்தம்மா. நீ இண்டூருக்குப் போனன்னு உன் வூட்டுக்காரன் சொன்னான். இன்னிக்கித்தான் உண்மையச் சொன்னான்."

அவள் ஏணியை இறக்கினாள்.

"அங்கியே நில்லு. புள்ளைக்கு என்னா?"

"முள்ளுங்க மாமா. வெறும் முள்ளு. அவரு எங்க?"

பச்சியப்பன் தடியால் மண்ணைக் கிளறினார். "காலையில எழுந்திரிக்கல. இடுக்குல நெறி. தானே எறங்கிப் போறன், வண்டி வேணாம்னான். நடக்க முடியல. ரயில் தடத்துல வண்டி வந்து ஏத்திக்கினு போச்சி."

"எப்படி?" என்று மட்டும் கேட்டாள்.

"வெள்ளிக்கிழமை வூட்டத் தொறந்தானாம். வெளக்கு மாடத்துக்கு அடியில எலி செத்துக் கெடந்துதாம். வெளிய தள்ளிட்டு வெளக்கு ஏத்தினானாம். உன்கிட்ட சொல்லக்கூடாதுன்னு சொல்லிட்டுப் போயிருக்கறான்." நிறுத்தினார். "நான் சொல்லிட்டன். தடையில்லைன்னு சொன்னவனும் நான்தான்."

தீர்த்தம்மாள் மகளை இடுப்பில் தூக்கிக்கொண்டு நேராக ஜானகியம்மாள் வாசலுக்கு இறங்கினாள். கதவுகள் சாத்திக்கொண்டன. ஜானகியம்மாள் மட்டும் வாசலில் நின்றாள், ஆனால் முன்னால் வரவில்லை.

"அக்கா, கூட ஒருத்தரு இருக்கலாம்னு சொல்வாங்க. நான் போவணும். இவளைப் பாத்துக்கறியா?"

ஜானகியம்மாளுக்கு வீட்டுக்குள் இரண்டு பேரப்பிள்ளைகள் இருந்தார்கள். அவள் கண் பழனியம்மாளின் தொடைமேல் போய் நின்றது.

தீர்த்தம்மாள் மகளைத் தரையில் உட்காரவைத்து உள்ளங்காலைத் திருப்பிக் காட்டினாள். "பாரு. நல்லா பாரு. முள்ளுதான். நெறி கரைஞ்சிக்கினு வருது. தொட்டுப் பாக்கணும்னா பாரு."

ஜானகியம்மாள் தொடவில்லை. குனிந்து வெகுநேரம் அந்தக் காயத்தைப் பார்த்தாள். பிறகு, "மாட்டுக் கொட்டாயில தனியா படுக்க வைக்கிறன். சோறு நான் போடறன். அதுக்கு மேல கேக்காத," என்றாள்.

"அது போதும் அக்கா."

பிளேக் கொட்டகையில் காவல்காரன் அவளைத் தடுக்கவில்லை. உள்ளே போனால் சொல்லும்வரை வெளியே வர முடியாது என்று மட்டும் சொன்னான். தகரக் கூரைக்கு அடியில் சுண்ணாம்பு வாடை. மூன்றாவது கட்டிலில் நஞ்சப்பன். கண் சிவந்திருந்தது.

"புள்ள?"

"கால ஊனி நிக்கிறா."

"வெறும் முள்ளுதானா," என்றார். உதடு சிரிக்கப் பார்த்தது.

"நான்தான் உங்கள அனுப்பிட்டன்."

"நீ சொல்லாட்டியும் போயிருப்பன்." நாக்கு குழறியது. தண்ணீர் கேட்டார். குடித்துவிட்டு, "செல்லன் கடைசி வரைக்கும் உன்னைக் கேக்கல. தூங்கிட்டான். அழல," என்றார். எட்டு வருஷம் அவர் சொல்லாமல் வைத்திருந்தது அது. உண்மையா, அவளுக்காகச் சொன்னதா என்று அவளுக்குத் தெரியவில்லை. அதற்குப் பின் அவர் தெளிவாக ஒன்றும் பேசவில்லை. வியாழக்கிழமை இறந்தார்.

தீர்த்தம்மாளைச் சில நாள் தனியே வைத்திருந்தார்கள். அவளுக்குக் காய்ச்சல் வரவில்லை. டாக்டர் பார்த்து, போகலாம் என்றார். ரயில் தடத்தில் நடந்து, கரட்டடிப் பாறைக்கு வந்து, கட்டியிருந்ததைக் கொதிக்கவைத்து, மேலிருந்து யாரோ போட்டிருந்த சேலையைச் சுற்றிக்கொண்டாள். காலை முழங்கால் வரை சாம்பல் போட்டுத் தேய்த்தாள். தோல் எரியும்வரை தேய்த்தாள். தன் கழுத்தை, அக்குளை, தொடை இடுக்கைத் தடவிப் பார்த்தாள். ஒன்றுமில்லை. டாக்டர் சொன்னதை மனதுக்குள் இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தாள். நம்ப முடியவில்லை.

மேலே ஜானகியம்மாளின் குரல் கேட்டது. "உன் அம்மா வந்துட்டா பாரு."

பழனியம்மாள் சரிவில் ஓடிவந்தது. இரண்டு காலையும் மாற்றி மாற்றி வைத்து, நொண்டாமல் ஓடிவந்தது.

"அங்கியே நில்லு," என்றாள் தீர்த்தம்மாள்.

அது நிற்கவில்லை. தீர்த்தம்மாள் குனிந்து ஒரு கல்லை எடுத்தாள்.

"கிட்ட வந்த, அடிப்பன்."

பழனியம்மாள் நின்றது. அம்மாவின் ஓங்கிய கையைப் பார்த்தது. அழ ஆரம்பித்தது. தீர்த்தம்மாள் கல்லைக் கீழே போடவில்லை.